தபசு மரத்தில் இருந்த அப்பா

தேங்காயெண்ணெயில் குழைத்த அரிதாரத்தின் வாசனை மூக்கில் பட்டால் இன்றைக்கும் எனக்கு முதலில் வருவது கோபம்தான். காரிமங்கலம் பக்கத்தில் எங்கள் ஊரில் அப்பா கூத்து ஆடுவார்; நடுநடுவே மொரப்பூரில் ரயிலேறி மெட்ராஸ் போய், சினிமாவில் கதாநாயகனிடம் அடிவாங்கிவிட்டோ கூட்டத்தோடு கும்பிட்டு நின்றுவிட்டோ திரும்பி வருவார். எந்தப் படத்திலும் அவருக்கு வாயைத் திறக்க வேலையில்லை. ஊரையே எழுப்பும் அந்தக் கணீர்க் குரலுக்கு வந்த கதியைப் பாருங்கள்!

நான் ஆறாவது படித்த வருஷம் சித்திரையில் திரௌபதியம்மன் கோயிலில் "பாரதம்" என்று கூத்துத் திருவிழா வைத்தார்கள். அர்ச்சுனன் வேஷம் அப்பாவுக்கு. கையில் மஞ்சள் கயிற்றால் "காப்பு" கட்டியாயிற்று. இனி கோயில் கொடியை இறக்கும்வரை அவர் ஊர் எல்லையைத் தாண்டக் கூடாது.

அர்ச்சுனன் தபசன்று சுள்ளென்ற வெயிலில், தபசு மரமென்று நட்டுவைத்த பனைமரத்தில் படிக்கு ஒரு பாட்டாகப் பாடி அப்பா ஏறிக்கொண்டிருக்க, பிள்ளைவரம் வேண்டிய பெண்கள், அவர் மேலிருந்து போடும் எலுமிச்சம்பழத்துக்காகக் கீழே ஈரப் புடவையோடு மடியேந்திக் காத்திருந்தார்கள். என்னிடம் கொடுத்துவிட்டுப் போன அவருடைய செல்போன் அப்போதுதான் அடித்தது. சினிமாக் கம்பெனி மேனேஜர்.

"பாப்பா, அப்பாவுக்கு வசனமுள்ள வேஷம் வந்திருக்கு. காலைல இங்க இருக்கணும். இல்லாட்டி வேற ஆளப் போட்டுருவாங்க."

"அப்பா மரத்து மேல இருக்காருங்க," என்றேன். வேறென்ன சொல்ல? நான் விளையாடுகிறேன் என்று நினைத்து அவர் சிரித்தார்.

மேளச் சத்தத்துக்கு மேலாக நான் கத்திக் கத்திப் பார்த்தேன். அப்பா ஆகாயத்தைப் பார்த்துப் பாடிக்கொண்டே இருந்தார். இறங்கி வந்து விஷயம் கேட்டதும் வேஷத்தோடேயே கோயில் தர்மகர்த்தா முன்னால் போய் நின்றார்.

"ஒரே ஒரு நாளு போயிட்டு ஓடியாந்துர்றனுங்க மாமா."

"காப்பு கட்டுனவன் எல்லை தாண்டுனா ஊருக்கு ஆவாதுப்பா. நான் என்னா பண்ணட்டும், நீயே சொல்லு?" அந்த மனுஷன் அழாத குறைதான்.

"கழட்டி எறிஞ்சிட்டுப் போங்க, வர்றத பாத்துக்கலாம்," என்றாள் அம்மா. அப்பா கையிலிருந்த மஞ்சள் கயிற்றைக் கொஞ்ச நேரம் தடவிக்கொண்டிருந்தார். "அந்தப் பொம்பளைங்க என்னைய நம்பித்தானே ஈரத்துணியோட கெடந்தாங்க," என்று சொல்லிவிட்டு வேஷம் கலைக்கப் போய்விட்டார்.

படம் வந்ததும் தர்மபுரிக் கொட்டகைக்குக் குடும்பத்தோடு போனோம். அந்த வேஷத்தில் யாரோ ஒருவர் நீளமாக வசனம் பேசி அழுதார். "நல்லாத்தான் பண்ணியிருக்காரு," என்றார் அப்பா. ஒரே ஒரு கெட்ட வார்த்தை சொல்லியிருந்தால் எனக்கு வயிறு குளிர்ந்திருக்கும். அதன்பிறகு மெட்ராஸிலிருந்து யாரும் அவரைக் கூப்பிடவில்லை.

இன்று அந்தக் கொட்டகை இருந்த இடத்தில் கல்யாண மண்டபம் நிற்கிறது. அப்பாவும் போய்ச் சேர்ந்துவிட்டார். பழைய படங்கள் டிவியில் ஓடும்போது, கூட்டத்துக்குள் ஒரு முகத்தின் மேல் விரலை வைத்து, "இதுதான் தாத்தா," என்று மகளுக்குக் காட்டுகிறேன். அவர் கூத்தையும் அந்நாளில் யாரும் பதிந்து வைக்கவில்லை.

"தாத்தா எப்டிம்மா பேசுவாரு?" என்று போன வாரம் கேட்டாள்.

தொண்டையைச் செருமிக்கொண்டு, அவர் என்னைக் கூப்பிடுகிற மாதிரியே ஒருதரம் கூப்பிட்டுக் காட்டினேன். வந்தது என் குரல்தான்.