மனுதாரர் நேரில் விசாரிக்கப்பட்டார்

செஞ்சியில் ஓர் அரசு அலுவலகத்தில் எட்டு வருடமாகக் கம்ப்யூட்டர் வேலை பார்க்கிறேன். எந்த அலுவலகம் என்று சொன்னால் நாளைக்கு என் நாற்காலியில் வேறொருத்தி உட்கார்ந்திருப்பாள். நான் ஒப்பந்த ஊழியர். என்னை இங்கே அனுப்பிய கான்ட்ராக்டரை இதுவரை பார்த்ததில்லை. பெருமாளையாவது சிங்கவரம் மலையில் படுத்த வாக்கில் பார்த்திருக்கிறேன்.

என்னைப் போலவே அங்கே இன்னொரு ஒப்பந்தப் பெண் உண்டு. பெருக்கித் துடைக்கும் அக்கா. எங்கள் இருவருக்கும் இருந்த பெரிய குறை, பெண்கள் கழிப்பறையின் சாவி. அது நிரந்தரப் பணியில் இருக்கும் மேடத்தின் மேசை டிராயரில் கிடக்கும். நாங்கள் பஸ் ஸ்டாண்டு வரை நடக்க வேண்டும். போக வரப் பத்து நிமிடம், வெயில் தனி. அதற்குப் பயந்து நான் தண்ணீர் குடிப்பதையே விட்டேன். சிறுநீர்க் கடுப்பு வந்தது. டாக்டர், "தண்ணி நல்லா குடிம்மா" என்றார். அவருக்கென்ன, அவர் சொல்லிவிட்டார்.

மேடம் கெட்டவர் இல்லை. புளிசாதம் கொண்டுவந்தால் முதல் கரண்டி எனக்குத்தான். ஆனால் சாவி கேட்டபோது, "அது ஸ்டாஃப் டாய்லெட்டும்மா. நீங்க ஸ்டாஃப் இல்லியே. ரூல்னு ஒண்ணு இருக்குது இல்ல?" என்றார். சாதம் பரிமாற ரூல் இல்லாதது எங்கள் அதிர்ஷ்டம்.

அக்காவின் நிலைமை இன்னும் விசேஷம். தினமும் காலையில் சாவி அவர் கைக்கு வரும். கழுவி முடித்ததும் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும்.

"கழுவுறதுக்குக் குடுக்குறாங்க, போறதுக்குக் குடுக்க மாட்டன்றாங்க. இன்னா நாயம் இது?" என்பார்.

ஒருநாள் மதியச் சாப்பாட்டு நேரத்தில், கடுப்போடு கடுப்பாக, மேலிடத்துக்கு ஆன்லைனில் மனு போட்டுவிட்டேன். என் பேர், நான் வேலை பார்க்கும் இடம், சாவி விஷயம் எல்லாம் எழுதினேன்.

பத்துப் பன்னிரண்டு நாள் கழித்துக் காலையில் வழக்கம்போல வந்திருக்கும் மனுக்களைத் திறந்தேன். அந்த வேலை என்னுடையது. மூன்றாவதாக என் மனு. மேலிருந்து ஒவ்வொரு படியாக இறங்கி, ஒவ்வொரு படியிலும் 'தக்க நடவடிக்கைக்கு' என்று ஒரு குறிப்பு வாங்கிக்கொண்டு, என் மேசைக்கே வந்து சேர்ந்திருந்தது. பிரிண்ட் எடுத்துக் கண்காணிப்பாளர் சாரிடம் வைத்தேன். ஓய்வு பெற இரண்டு வருடம் இருக்கும் மனிதர். கண்ணாடியை ஏற்றி இறக்கிப் படித்தார்.

"யாரும்மா இது?"

"நான்தான் சார்."

"அது தெரியுது. பதில் போடணுமே. டைப் பண்ணு, சொல்றேன்."

உட்கார்ந்தேன். அவர் சொல்லச் சொல்ல, 'மனுதாரர் இவ்வலுவலகப் பணியாளர் அல்லர். எனவே சாவி வழங்க விதிகளில் இடமில்லை' என்று அடித்தேன். அவர் 'அல்ல' என்றுதான் சொன்னார். 'அல்லர்' என்று திருத்தியது நான். எட்டு வருடப் பழக்கம், கை கேட்கவில்லை.

"அடுத்த லைன். மனுதாரர் நேரில் விசாரிக்கப்பட்டார்."

"எப்ப சார் விசாரிச்சீங்க?"

"எதிர்லதானே உக்காந்திருக்கே. சாப்டியா?"

"சாப்டேன் சார்."

"விசாரிச்சாச்சு. போடு."

அனுப்பிய மறு நிமிடம் என் ஃபோனில் மெசேஜ் வந்தது. உங்கள் மனுவுக்குத் தீர்வு காணப்பட்டது, திருப்தியா என்று. சார் எட்டிப் பார்த்தார். இதுவரை அவர் குரலில் கேட்டிராத ஒரு குழைவு.

"திருப்தின்னு போட்டுடும்மா. இல்லன்னா மறுபடி வரும், நமக்குத்தான் டென்ஷன்."

கான்ட்ராக்டருக்கு ஒரு ஃபோன் போனால் போதும், நான் நாளைக்கு வர வேண்டியதில்லை. வீட்டில் இரண்டு பிள்ளைகள் படிக்கிறார்கள். ஆனால் 'பணியாளர் அல்லர்' என்று என் கையாலேயே அடித்திருந்தேன். 'இல்லை' என்பதைத் தொட்டேன்.

அடுத்த இரண்டு நாள் சார் கடிதங்களைத் தன் கையால் எழுதி மேசையில் வைத்துவிட்டுப் போனார். மூன்றாம் நாள் மனு திரும்ப இறங்கியது. இந்த முறை, குறையைச் சரிசெய்து புகைப்படத்துடன் அறிக்கை அனுப்பவும் என்று உத்தரவு. புகைப்படம் என்றதும் அலுவலகமே சுறுசுறுப்பானது. மேடம் டிராயரைத் திறந்து சாவியை என் கையில் வைத்தார். கழிப்பறை வாசலில் என்னை நிறுத்தினார்கள்.

"கொஞ்சம் சிரிம்மா, திருப்தியா இருக்க மாதிரி தெரியணும்" என்று சாரே படம் எடுத்தார்.

படம் மேலே போனதும் மேடம் கையை நீட்டினார். "குடும்மா."

எனக்கு எங்கிருந்து வாய் வந்ததோ தெரியாது. "மேடம், சாவி வழங்கப்பட்டதுன்னு ஃபைல்ல ஏறிட்டுது. திரும்ப வாங்கிக்க ரூல் இருக்குதா?"

மேடம் சாரைப் பார்த்தார். சார் கூரையைப் பார்த்தார். முப்பது வருட சர்வீசில் அவர்கள் படித்த எந்த விதியிலும் அதற்கு இடமில்லை போலும். அக்கா வாளியைக் கீழே வைத்துவிட்டுச் சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டார். மறுநாள் மேடம் கடைத்தெருவுக்குப் போய்த் தனக்கு ஒரு மாற்றுச் சாவி செய்துகொண்டு வந்தார்.

நான் வெற்றி பெற்றதாகச் சொல்ல முடியாது. மற்றபடி எல்லாம் அப்படியேதான் இருக்கிறது. கான்ட்ராக்ட் வேறொரு கம்பெனிக்குப் போனது. புதிதாகச் சேர்பவள் என்று என்னிடம் மறுபடி கையெழுத்து வாங்கினார்கள். எட்டு வருடம் எங்கே போனது என்று கேட்டேன். "அது பழைய கம்பெனி" என்றார்கள்.

போன வாரம் அக்கா என் மேசைக்குப் பக்கத்தில் வந்து நின்றார். "எனக்கும் ஒண்ணு எழுதேன். ஞாயித்துக்கிழமைகூட வரச் சொல்றாங்க. வாரத்துல ஒருநாள் லீவு வேணும்."

எழுதி, படித்துக் காட்டி, அனுப்பினேன். இப்போது அது எந்தப் படியில் இறங்கிக்கொண்டிருக்கிறதோ. தினமும் காலையில் பட்டியலைத் திறந்ததும் முதலில் அக்கா பேரைத்தான் தேடுகிறேன்.