மணிலாக்காரர் வீட்டு மார்க்கிரட்

மலாய் நாட்டுப் பிரிக்பீல்ட்ஸில் ரயில்வே கூலிகளின் லயங்களுக்குப் பின்னால் ஒரு பலகை வீட்டில் இருந்த மார்க்கிரட்டுக்கு முப்பது வயதுவரை கல்யாணம் ஆகவில்லை. காரணம் வேறொன்றுமில்லை, முகத்தில் அம்மைத் தழும்பு. பெண் பார்க்க வந்தவர்கள் எல்லாரும் அவள் போட்ட காப்பியைக் குடித்துவிட்டு, "சொல்லி அனுப்புறோம்" என்று எழுந்து போனார்கள். சொல்லி அனுப்புகிறார்களாம்! காப்பியையாவது குடிக்காமல் போயிருக்கலாம். ரயில் பாதையில் கங்காணியாக இருந்த அப்பா ராயப்பன் கண்ணை மூடினபிறகு, அவள் ஊரார் துணியை வெளுத்து, கஞ்சி போட்டு, இஸ்திரி தேய்த்துத் தன் வயிற்றைத் தானே கழுவிக்கொண்டாள்.

அவளிடம் வந்த துணிகளில் பாதி, அரசாங்க பேண்டுக்காரர்களின் வெள்ளை உடுப்பு. அந்த பேண்டில் ஊதுகிறவர்களில் முக்கால்வாசிப் பேர் பிலிப்பைன் தீவுகளிலிருந்து வந்தவர்கள். நம் ஜனங்கள் அவர்களை மணிலாக்காரர்கள் என்பார்கள். சாயங்காலம் பாடாங் திடலில் துரைமார்கள் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்க, இவர்கள் நின்றுகொண்டு வாசிப்பார்கள். அவர்களில் கிளாரினெட் வாசிக்கிற கிரிஸ்பின் மட்டும் தன் உடுப்பைத் தானே கொண்டுவந்து கொடுப்பார். ஒரு வாரம் பித்தான் அறுந்திருக்கும். மறு வாரம் யாரோ வேண்டுமென்றே அறுத்த மாதிரி இருக்கும். மார்க்கிரட்டுக்கு அது தெரியாதா என்ன? தெரிந்தேதான் தைத்துக் கொடுத்தாள்.

இப்படியே பித்தான் பித்தானாகப் போய், 1904-இல் மாதா கோயிலில் அவர்களுக்குக் கல்யாணம் நடந்தது. ஊர் வாய் சும்மா இருக்குமா? "என்னடி மார்க்கிரட், மணிலாக்கொட்டையை வறுத்துத் தின்னியா, அவிச்சுத் தின்னியா?" என்று பக்கத்து வீட்டு மாரியாயி வேலியோரம் நின்று கேட்டாள். "உனக்கு ஒரு பிடி கொடுத்தனுப்புறேன், நீயே தின்னு பாரு லா" என்றாள் மார்க்கிரட். அந்த வருஷம் அவள் சிரித்த சிரிப்பு இருக்கிறதே, தழும்பெல்லாம் எங்கே போயிற்று என்று தேட வேண்டியிருந்தது.

இருவரும் முதலில் கடைத்தெருவில் பேசுகிற பாசார் மலாயில்தான் பேசிக்கொண்டார்கள். போகப் போக அவர் நம் தமிழைத் தட்டுத் தடுமாறிப் பிடித்துக்கொண்டார். தன் ஊர்க் கதையை அவர் சொன்னது அப்படித்தான், பாதி மலாயும் பாதி தமிழுமாக.

"நாங்க ஸ்பெயின்காரனை எதிர்த்து நின்னோம். அமெரிக்காக்காரன் கப்பல்ல வந்து, நானும் உங்க கூட்டாளின்னான். நம்பினோம். கடைசியில ஸ்பெயின்காரன் எங்களை வித்தான், அமெரிக்காக்காரன் வாங்கினான். நாங்களும் ஒரு நாடுதான்னு சொல்ல தேசம் தேசமா ஆள் அனுப்பினோம். எல்லாரும் உக்கார வெச்சுக் கேட்டாங்க. ஒருத்தனும் எங்களுக்காகப் பேசல."

பெண் பார்க்க வந்தவர்கள் காப்பி குடித்துவிட்டுப் போனது மார்க்கிரட்டுக்கு ஞாபகம் வந்தது. ஆனால் சிரிக்கத் தோன்றவில்லை. அதற்குப் பிறகு அவர் சொன்னது அப்படி. புரட்சிப் படையோடு வாத்தியம் வாசித்துக்கொண்டு அவர் மலையில் இருந்தபோது, அமெரிக்கப் பட்டாளம் வந்து வீடுகளைக் கொளுத்தி, கிராமத்து ஜனங்களை ஒரே இடத்தில் கொண்டுபோய் அடைத்தது. அங்கே காலரா வந்தது. அவருடைய முதல் மனைவி அந்தக் காலராவில்தான் போய்ச் சேர்ந்தாள். கைக்குழந்தையாக இருந்து தப்பிய மகள் ரெமெதியோஸை அவருடைய அக்கா எடுத்து வளர்த்தாள். எல்லாம் முடிந்துபோனதும், பிடிபடாமல் கப்பலேறிச் சிங்கப்பூர் வந்து, இங்கே பேண்டில் சேர்ந்தார் கிரிஸ்பின்.

"தினம் சாயங்காலம் பிரிட்டிஷ் ராஜா பாட்டை வாசிக்கிறீங்களே, அது மட்டும் பரவாயில்லையா?" என்று மார்க்கிரட் ஒருமுறை கேட்டாள்.

"பிரிட்டிஷ் ராஜா என் வீட்டைக் கொளுத்தல. நான் கூலிக்கு வாசிக்கிறேன்" என்றார் அவர்.

வருஷங்கள் போயின. மார்க்கிரட்டுக்குப் பிள்ளை இல்லை. கோயில் கோயிலாக மெழுகுவர்த்தி ஏற்றினாள். ஒன்றும் நடக்கவில்லை. அவள் மனசு கடல் தாண்டி இருந்த அந்தப் பெண்குழந்தையின் மேல் போய் ஒட்டிக்கொண்டது. பார்த்ததே கிடையாது, ஆனாலும் பாசாருக்குப் போனால் அந்த வயசுப் பெண்ணுக்கு ஆகும் ரிப்பன் வாங்கிவந்து பெட்டியில் போட்டுவைப்பாள்.

அப்போது ஊருக்குப் போய்த் திரும்பிய பேண்டுக்காரர் ஒருவர் சேதி கொண்டுவந்தார். கிரிஸ்பினின் அக்கா படுத்த படுக்கையாகக் கிடக்கிறாள், பெண்ணை யாரிடமாவது ஒப்படைக்கப் பார்க்கிறாள் என்று. மார்க்கிரட் அன்றே துணிமூட்டை கட்ட ஆரம்பித்துவிட்டாள். கிரிஸ்பின் அசையவில்லை. எதிர்த்து நின்றவன் ஊருக்குள் கால் வைக்க வேண்டுமானால், கையை உயர்த்தி, அமெரிக்காவுக்கு விசுவாசமாக இருப்பேன் என்று சத்தியம் செய்ய வேண்டும்.

"அதை மட்டும் கேக்காதே" என்றார்.

"சத்தியம்னா வாய்தானேங்க சொல்லுது? சொல்லிட்டு வந்துடுங்க. பிள்ளையைவிடவா அது பெரிசு?"

அவர் கிளாரினெட்டைத் துடைத்துப் பெட்டியில் வைத்தார். பிறகு, "சரி, செய்யிறேன். நீ ஒண்ணு செய்யணும்" என்றார். "நாங்க தோத்ததுக்கப்புறம் எங்க நாட்டுக் கொடிப் பாட்டை அங்க வாசிக்கக் கூடாதுன்னு சட்டம் போட்டுட்டான். இங்க அந்தச் சட்டம் இல்ல. நான் செத்தா அந்தப் பாட்டை வாசிச்சுதான் என்னைத் தூக்கணும். நீ பாத்துக்குவியா?"

"மாதா மேல சத்தியமா பாத்துக்கிறேன்" என்றாள் மார்க்கிரட். பிள்ளை வரப்போகிற சந்தோஷத்தில், அவர் எதைக் கேட்டிருந்தாலும் அவள் சத்தியம் செய்திருப்பாள்.

கிரிஸ்பின் ஊருக்குப் போய்க் கையை உயர்த்திவிட்டு வர, ரெமெதியோஸ் என்கிற ரெமி வந்தாள். எலும்பும் தோலுமாக, ஆனால் கண்ணில் குறும்போடு. மார்க்கிரட்டை முதலில் 'மிஸ்ஸிஸ்' என்று கூப்பிட்டாள். மாரியாயியின் பிள்ளைகளோடு விளையாடிக் கொஞ்ச நாளில் தமிழ் பிடிபட்டதும், ஒருநாள் சோற்றுத் தட்டை நீட்டி, "அம்மா, இன்னும் கொஞ்சம்" என்றாள். மார்க்கிரட் அடுப்பங்கரைக்கு ஓடிப்போய் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். வாங்கி வைத்த ரிப்பனெல்லாம் அப்போதுதான் பெட்டியைவிட்டு வெளியே வந்தது.

ரெமி வளர்ந்த ஊரில் ஒரு அமெரிக்க டீச்சரம்மா பள்ளிக்கூடம் நடத்தியிருக்கிறாள். நல்ல மனுஷி. காலராவுக்குப் பிறகு பட்டினி கிடந்த பிள்ளைகளுக்குக் கஞ்சி ஊற்றி, எழுத்தும் சொல்லிக் கொடுத்தவள். ரெமிக்கு அவள்தான் தெய்வம். அந்த டீச்சரம்மா சொல்லிக் கொடுத்த அமெரிக்கக் கொடிப் பாட்டை, வந்த முதல் ஞாயிற்றுக்கிழமையே நெஞ்சில் கை வைத்துக்கொண்டு ரெமி அப்பாவுக்குப் பாடிக் காட்டினாள். பாடி முடித்துவிட்டு, "அப்பா, நீங்க வாசிங்க" என்றாள்.

மார்க்கிரட்டின் கையில் இஸ்திரிப் பெட்டி அப்படியே நின்றது. துணி கருகின வாசம் வந்தபிறகுதான் எடுத்தாள். கிரிஸ்பின் மகளைப் பார்த்தார். கிளாரினெட்டை எடுத்தார். ஒரு சுரம் பிசகாமல் முழுசாக வாசித்தார். ரெமி கைதட்டினாள். அவர் எழுந்து பின்கட்டுக் குழாயடிக்குப் போய், வாயில் தண்ணீர் பிடித்துக் கொப்பளித்துத் துப்பிவிட்டு வந்தார்.

அன்று தொடங்கி அவள் கேட்டபோதெல்லாம் வாசித்தார். பிறந்தநாளுக்கு வாசித்தார், பரீட்சையில் தேறினால் வாசித்தார், காய்ச்சலில் படுத்தால் தலைமாட்டில் உட்கார்ந்து வாசித்தார். ஒவ்வொரு முறையும் குழாயடிக்குப் போய் வாய் கொப்பளித்தார். கிளாரினெட் வாசிக்கிறவர்கள் எல்லாருமே அப்படித்தான் செய்வார்கள் போலிருக்கிறது என்று ரெமி நினைத்துக்கொண்டாள்.

"அவகிட்ட சொல்லிடுங்களேன்" என்று மார்க்கிரட் கெஞ்சினாள்.

"என்னன்னு சொல்ல? உனக்குக் கஞ்சி ஊத்தினவங்கதான் உன் அம்மாவையும் கொன்னாங்கன்னா? நான் இல்லாதப்ப அவளுக்கு அந்த டீச்சர்தானே இருந்தாங்க. வேணாம். நீயும் சொல்லக் கூடாது."

பேசும்போதே இருமினார். அந்த இருமல்தான் ஆளைத் தின்றது. 1913-இல், ரெமிக்குப் பன்னிரண்டு வயசு நடந்தபோது, கிரிஸ்பின் போய்விட்டார்.

மணிலாக்காரர்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. பேண்டுக்காரர் ஒருவர் இறந்தால், கூட வாசித்தவர்கள் எல்லாரும் உடுப்பு மாட்டிக்கொண்டு வந்து வீட்டு வாசலில் நிற்பார்கள். மூத்தவர் உள்ளே வந்து இறந்தவரின் பிள்ளையிடம், 'உன் தகப்பனுக்குப் பிடித்த பாட்டு எது?' என்று கேட்பார். பிள்ளை எதைச் சொல்கிறதோ அதை வாசித்துத்தான் பெட்டியைத் தூக்குவார்கள். பிள்ளை இல்லாவிட்டால்தான் பெண்டாட்டியைக் கேட்பது.

மூத்தவர் டெல்பின் வந்தார். அவரும் கிரிஸ்பினோடு மலையில் இருந்தவர். எந்தப் பாட்டு என்று அவருக்கும் தெரியும், வெளியே நின்ற அத்தனை பேருக்கும் தெரியும். அன்று காலையே ஆளுக்கொரு தரம் மெதுவாக ஊதிப் பார்த்து வைத்திருந்தார்கள். கேட்பது வெறும் சடங்கு என்றுதான் வந்தார். வழக்கப்படி ரெமியிடம் கேட்டார்.

அழுது வீங்கின முகத்தைத் தூக்கி ரெமி சொன்னாள்: "அமெரிக்கக் கொடிப் பாட்டு. அதுதான் அப்பாவுக்கு உசிரு. நான் எப்பக் கேட்டாலும் வாசிப்பாரு. ஒரு தடவைகூட மாட்டேன்னு சொன்னதில்ல."

டெல்பின் மார்க்கிரட்டைப் பார்த்தார். வாசலில் நின்றவர்களும் மார்க்கிரட்டைப் பார்த்தார்கள். அவள் ஒரு வார்த்தை சொன்னால் போதும். சொல்லத்தான் வாயைத் திறந்தாள். மாதா மேல் செய்த சத்தியம் ஆயிற்றே. ஐயோ, அவர் கேட்டது அது ஒன்றுதானே! வாழ்நாளில் வேறு என்ன கேட்டார்? பக்கத்தில் ரெமி அவள் கையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டிருந்தாள். உண்மையைச் சொன்னால் இந்தப் பெண், அப்பாவிடம் அந்தப் பாட்டைக் கேட்ட ஒவ்வொரு நாளையும் எண்ணி எண்ணிச் சாகும். இந்தப் பெண்ணுக்காகத்தான் அவர் கையைத் தூக்கிச் சத்தியம் செய்தார். அவரே இப்போது எழுந்து உட்கார்ந்தால் என்ன செய்வார்? கிளாரினெட்டை எடுத்து அவள் கேட்டதை வாசிப்பார். வேறென்ன செய்வார்?

"பிள்ளை சொன்னதை வாசிங்க" என்றாள் மார்க்கிரட்.

வாசித்தார்கள். டெல்பின் மட்டும் வாத்தியத்தை நெஞ்சோடு அணைத்துப் பிடித்துக்கொண்டு, வாயில் வைக்காமல் நடந்தார். ரெமி அதைக் கவனிக்கவில்லை. கல்லறைவரை அந்தப் பாட்டோடு முணுமுணுத்துக்கொண்டே போனாள். மார்க்கிரட் செருப்பில்லாமல் பின்னால் நடந்தாள். சத்தியம்னா வாய்தானே சொல்லுது என்று தான் சொன்னதை வழியெல்லாம் நினைத்துக்கொண்டாள். அந்த வாய் அழுகிப் போகக் கூடாதா என்றிருந்தது அவளுக்கு.

அதற்குப் பிறகு பேண்டுக்காரர்கள் உடுப்பை வேறு இடத்தில் வெளுக்கக் கொடுத்தார்கள். யாரும் அவளை ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. துணி வருவது நின்றுவிட்டது, அவ்வளவுதான். அவள் ஆஸ்பத்திரி வெளுப்பை எடுத்துக்கொண்டு ரெமியைப் படிக்க வைத்தாள். ரெமி டீச்சர் வேலைக்குப் படிக்க மணிலாவுக்குப் போய், அங்கேயே கல்யாணமும் கட்டிக்கொண்டாள். மார்க்கிரட் மறுபடியும் தனிக்கட்டை ஆனாள்.

1931-இல் ரெமி அம்மாவைப் பார்க்க வந்தாள். இப்போது அவளே ஒரு பள்ளிக்கூடத்தில் பெரிய டீச்சர். காதோரம் ஒன்றிரண்டு நரை. மார்க்கிரட்டுக்குக் கண் மங்கிவிட்டிருந்ததால், "நீங்க உக்காருங்கம்மா" என்று சொல்லிவிட்டு ரெமியே இஸ்திரிப் பெட்டியை வாங்கித் தேய்த்தாள். தேய்த்துக்கொண்டே எதையோ முணுமுணுத்தாள். மார்க்கிரட் கையிலிருந்த தேத்தண்ணியைக் கீழே வைத்தாள். கிரிஸ்பின் ஒரே ஒரு தடவை, கல்யாணமான புதிதில், கதவைச் சாத்திக்கொண்டு அவளுக்கு வாசித்துக் காட்டிய பாட்டு அது.

"இது எங்க நாட்டுப் பாட்டும்மா" என்றாள் ரெமி. "முன்னே பாடினா ஜெயில். அப்புறம் அந்தச் சட்டத்தை எடுத்துட்டாங்க. பள்ளிக்கூடத்துல பிள்ளைங்களுக்கு நான்தான் சொல்லிக் கொடுக்கிறேன். பாடும்போதெல்லாம் அப்பா நினைப்புதான். அம்மா, அப்பாவுக்கு இந்தப் பாட்டு தெரியுமா?"

பேண்டிலேயே நல்ல கைகாரர் என்று துரைமார்கள் பேர் சொல்லிக் கேட்டு வாசிக்கச் சொன்ன மனுஷர் அவர்.

"கேட்டிருப்பாரு" என்றாள் மார்க்கிரட். "அவருக்கு அது வாசிக்க வராதும்மா."

"அதானே பாத்தேன்!" ரெமி சிரித்தாள். "வந்திருந்தா எனக்கு வாசிச்சிருப்பாரே. அவரைத் தூக்கின அன்னைக்கு நானும் இதைத்தான் வாசிக்கச் சொல்லியிருப்பேன்."

மார்க்கிரட் எழுந்தாள். சுவரைப் பிடித்துக்கொண்டு பின்கட்டுக் குழாயடிக்குப் போனாள். இரண்டு கையிலும் தண்ணீர் பிடித்து, வாயில் ஊற்றி, கொப்பளித்துத் துப்பினாள். மறுபடியும் பிடித்தாள், மறுபடியும் துப்பினாள். கண்ணிலிருந்து வந்ததும் அந்தத் தண்ணீரோடு போயிற்று.

உள்ளேயிருந்து ரெமி எட்டிப் பார்த்தாள். "என்னம்மா, அப்பா மாதிரியே வாய் கொப்பளிக்கிறீங்க?"