ஆறு தோட்டாவும் ஏழாவது வெடியும்

இந்தத் தேர்தலுக்கும் துப்பாக்கியைக் கொண்டுபோய் ஸ்டேஷனில் ஒப்படைத்துவிட்டு வந்தேன். தேர்தல் அறிவித்தால் எங்களைப் போன்ற லைசென்ஸ்காரர்கள் செய்ய வேண்டிய வேலை அது. கொடுத்த ரசீதை மூன்று முறை படித்தேன். போன தடவை நீளத்தில் இரண்டு அங்குலம் குறைத்து எழுதியிருந்தார்கள். ஏன் குறைத்தார்கள் என்று இன்றுவரை யாரும் சொல்லவில்லை.

எழுதிக்கொண்டிருந்த இளவயதுப் போலீஸ்காரர் கேட்டார். "தோட்டா எத்தனைங்கய்யா வச்சிருக்கீங்க?"

"ஒண்ணும் இல்ல."

"கடைசியா எப்பங்க சுட்டது?"

"நான் நாலாப்பு படிக்கிறப்ப."

அவர் பேனாவை நிறுத்தி என் நரைத்த தலையைப் பார்த்தார். "அப்பறம் எதுக்குங்கய்யா இதைத் தூக்கிக்கிட்டு அலையிறீங்க?"

பதில் சொன்னால் அவர் வேறு ஏதாவது படிவத்தை எடுத்து நிரப்ப ஆரம்பிப்பாரோ என்ற சந்தேகத்தில் பேசாமல் வந்துவிட்டேன். பதிலை இங்கே எழுதுகிறேன்.

பொன்னமராவதிக்குக் கிழக்கே எங்கள் ஊர். துப்பாக்கி என் பெரியப்பாவுடையது. அவர் பட்டாளத்தில் சேர்ந்து ஆப்பிரிக்கப் பாலைவனம் வரை போய் வந்தவர். அது தன் கைக்கு வந்த கதையை மூன்று விதமாகச் சொல்வார். சரணடைந்த இத்தாலிக்காரனிடம் பிடுங்கியது என்பது ஒன்று. பம்பாயில் கப்பல் இறங்கும்போது ஒரு துரை கொடுத்தது என்பது ஒன்று. திருச்சியில் ஊரைவிட்டுப் போன ஒரு வெள்ளைக்காரனின் சாமான்களோடு ஏலத்தில் எடுத்தது என்பது மூன்றாவது. மூன்றாவதை அவர் ஒரே ஒரு முறைதான் சொன்னார். அதனால் அதுதான் உண்மையாக இருக்கும். பயிர்ப் பாதுகாப்புக்கு என்று எழுதிக் கொடுத்து லைசென்ஸும் வாங்கியிருந்தார்.

இத்தாலிப் பட்டாளத்துத் துப்பாக்கி என்பதில் மட்டும் மூன்று கதைகளும் ஒத்துப்போகும். ஆயிரத்து எண்ணூற்றுத் தொண்ணூற்றொன்றில் அந்த நாட்டார் வகுத்த மாதிரி அது என்று பின்னாளில் படித்துத் தெரிந்துகொண்டேன். குழலின் வாய் ஆறரை மில்லிமீட்டர். தோட்டா நம் சுண்டுவிரலைவிட ஒல்லி, முனை மழுங்கல். ஆறு தோட்டாக்களை ஒரு பித்தளைக் கவ்வியில் செருகி, கவ்வியோடு சேர்த்து உள்ளே இறக்க வேண்டும். கடைசித் தோட்டா குழலுக்குள் ஏறியதும், வெறும் கவ்வி அடிப்பக்கத்து ஓட்டை வழியாகத் தானாகக் கீழே விழுந்துவிடும். இதை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

பெரியப்பாவிடம் இருந்தது ஒரே கவ்வி, ஆறு தோட்டா.

புரட்டாசியில் கடலை பிஞ்சு பிடித்ததும் ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம் அவர் வரப்பில் நின்று வானத்தைப் பார்த்து ஒரு முறை சுடுவார். வருடத்துக்கு ஒன்று. காட்டுப்பன்றிக்கு என்று பெயர். பன்றி வடக்கே மலையடியிலிருந்து வரும். பெரியப்பா மேற்கே திரும்பி நின்றுகொண்டு சுடுவார்.

மேற்கே இருந்தது மேலவீடு. எங்கள் பங்காளிகள். அந்த வீட்டுப் பெரியவரை நான் சின்னையா என்று கூப்பிடுவேன். இரண்டு வீட்டுக்கும் நடுவில் ஒரு கிணறு. மாடு கட்டி இறைக்கும் கமலை ஒன்றுதான். வாரத்தில் நாலு நாள் எங்கள் முறை, மூன்று நாள் அவர்கள் முறை. அது நியாயமான பங்கா என்று இன்றைக்கு என்னால் அடித்துச் சொல்ல முடியாது. சின்னையாவின் மூன்று மகன்களும் நியாயம் இல்லை என்றார்கள். நடுவுள்ளவன் முரடன். எங்கள் முறைநாளில் கமலையைக் கழற்றிவிடப் போவதாக வருடா வருடம் சொல்வான். புரட்டாசி வெடியைக் கேட்டதும் அடங்கிவிடுவான்.

முதல் வெடியின்போது எனக்கு நாலு வயது. அம்மா சொல்லித்தான் அதைக் கணக்கில் சேர்த்துக்கொண்டேன். மற்ற ஐந்தும் பெரியப்பாவின் பக்கத்தில் நின்று நானே கேட்டவை. முதல் ஐந்து வருடமும் சுட்ட பிறகு அவர் ஒரு பொத்தானை அழுத்திக் கவ்வியை மீதித் தோட்டாவோடு வெளியே எடுத்தார். ஆறாவது வருடம் சுடுவதற்கு முன்பே கவ்வி தானாக 'ணங்' என்று வரப்பில் விழுந்தது. பெரியப்பா சட்டென்று அதன்மேல் காலை வைத்து மறைத்துக்கொண்டார். சுட்டார். ஆட்கள் போகும்வரை காலை எடுக்கவில்லை.

மறு வருடம் ஆடியில் என்னையும் கூட்டிக்கொண்டு திருச்சிக்கு பஸ் ஏறினார். துப்பாக்கிக் கடைக்காரர், பெரியப்பா கொடுத்த வெறும் தோட்டாக் கூட்டை விரலில் உருட்டிப் பார்த்துவிட்டு, இங்கிலீஷ்காரன் தோட்டா ஒன்றைப் பக்கத்தில் நிறுத்தினார். அண்ணன் தம்பி மாதிரி இருந்தன.

"இது உள்ள போகாதுங்க. ஒங்களுது ஆறரை. நான் கடை வச்ச நாள்ல இருந்து கண்ணுல பாத்ததில்ல."

"செஞ்சு வாங்க முடியாதா?"

"இத்தாலிக்குத்தான் எழுதிப் போடணும்."

எழுதிப் போட்டிருந்தாலும் என்ன வந்திருக்குமோ. ஆறரை போதாது, ஏழும் சொச்சமுமாக மாற்றுவோம் என்று அவர்களே தொடங்கி, யுத்தம் வந்ததும் பழையபடி ஆறரைக்குத் திரும்பியவர்கள். தன் தோட்டா எது என்பதிலேயே அந்த நாட்டுக்குக் குழப்பம் இருந்திருக்கிறது.

வெறுங்கையோடு திரும்பினோம். அந்த வருடம் மழையும் இல்லை. கிணற்றில் பதினொரு படி வெளியே தெரிந்தது. நடுவுள்ளவன் டீக்கடையில் சொன்னது அன்றைக்கே எங்கள் வீட்டுக்கு வந்து சேர்ந்தது. "இந்த வருசம் வெடிக்கட்டும் பாப்போம். வெடிக்கலன்னா மறுநாளே கமலை நம்ம கையில." அப்பா அரிவாளை எடுத்துத் தீட்டினார். அம்மா அதைப் பிடுங்கிப் பரணில் போட்டாள். அப்பா திரும்ப எடுத்தார். நான் பார்க்க மூன்று முறை அது ஏறி இறங்கியது.

இந்த நிலையில்தான் நான் அந்தக் காரியத்தைச் செய்தேன்.

சின்னையா கிணற்றடியில் தனியாக உட்கார்ந்து வெற்றிலை போட்டுக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும், "என்னடா, ஒங்க பெரியப்பன் திருச்சி போயி பெட்டி நெறைய குண்டு வாங்கியாந்துட்டானாமே" என்றார்.

தப்பான எண்ணிக்கை காதில் விழுந்தால் சும்மா இருக்க என்னால் முடியாது. அன்றும் முடியாது, இன்றும் முடியாது.

"இல்ல சின்னையா. மொத்தமே ஆறுதான். ஆறும் தீந்துபோச்சு."

அவர் மெல்லுவதை நிறுத்தினார். "நெசமாவா?"

"கவ்வி விழுந்ததை நான் பாத்தேன்."

"வேற யார்ட்டடா சொன்ன?"

"யார்ட்டயும் இல்ல."

"சொல்லாத. எங்க வீட்டுப் பயலுக கேட்டாலும் சொல்லாத. சொன்ன, காதைத் திருகிக் கையில குடுத்துருவேன்."

வீட்டுக்கு ஓடிவந்த பிறகுதான் செய்த காரியம் உறைத்தது. மகன்களுக்குக்கூடத் தெரியாமல் இந்த ஆள் ஏதோ திட்டம் போடுகிறார் என்று நினைத்தேன். பெரியப்பாவிடம் சொல்லவும் பயம். வெடி போடும் வெள்ளிக்கிழமைக்கு நாலு நாள் இருந்தது.

வெள்ளிக்கிழமை பெரியப்பா வழக்கம்போலத் துப்பாக்கியைத் துடைத்து எடுத்துக்கொண்டு போனார். போகாமல் இருந்தால் காலி என்று அவரே ஒப்புக்கொண்டதாகிவிடும். அப்பா பின்னால் நடந்தார், துண்டுக்குள் அரிவாளோடு. கிணற்றடியில் மேலவீட்டு மூன்று பேரும் நின்றார்கள். சின்னையா இல்லை.

பெரியப்பா வானத்தைப் பார்த்துத் தூக்கிப் பிடித்தார். விசையை இழுக்கவில்லை. இழுத்தால் வெறும் 'டிக்' கேட்கும். நான் மனதுக்குள் எண்ண ஆரம்பித்தேன். பத்துக்கு அவர் பிடியை மாற்றிக்கொண்டார். பதினான்கில் நடுவுள்ளவன் சிரித்துக்கொண்டே ஒரு அடி எடுத்து வைத்தான்.

பதினேழில் வெடித்தது.

காக்கைகள் எழும்பின. சத்தம் பாறையில் மோதித் திரும்பி நாலாபக்கமும் உருண்டது. பெரியப்பா திடுக்கிட்டார், பிறகு நினைவு வந்தவராக, துப்பாக்கி உதைத்ததுபோல் தோளை ஒரு குலுக்குக் குலுக்கினார். உதை மட்டும் கொஞ்சம் தாமதமாக வந்தது. அதைக் கவனிக்க அங்கே யாருக்கும் நிதானமில்லை. நடுவுள்ளவன் வைத்த அடியைத் திரும்ப எடுத்துக்கொண்டான். மூன்று பேரும் வீட்டைப் பார்த்து நடந்தார்கள்.

மற்ற வருடங்களில் சுட்டதும் என் காது அடைத்துக்கொள்ளும். அன்றைக்கு அடைக்கவில்லை. குழல் வாயில் புகையும் இல்லை. பெரியப்பா மேற்கே, மேலவீட்டு வைக்கோல்போரையே வெகுநேரம் பார்த்துக்கொண்டு நின்றார்.

மறுநாள் ஒரு சாக்குச் சொல்லி மேலவீட்டு மாட்டுக்கொட்டிலுக்குப் போனேன். ஐயனார் கோயில் திருவிழாவுக்கு மருந்து கெட்டித்து வெடிக்கும் இரும்புக் குழாய்கள் அங்கேதான் வரிசையாக இருக்கும். கோயில் வேட்டு அவர்கள் வீட்டு முறை. ஒன்பது குழாய். எட்டில் தூசி படிந்திருந்தது. ஒன்பதாவது புதுக்கரியோடு இருந்தது.

"என்னடா எண்ணுற?" பின்னால் சின்னையா நின்றார்.

"ஒண்ணுமில்ல சின்னையா."

"ஒம்பது இருக்கா?"

"இருக்கு."

"அப்ப வீட்டுக்குப் போ."

பிறகு வந்த வருடங்களிலும் புரட்டாசி வெடி தவறவில்லை. பெரியப்பா தூக்கிப் பிடிப்பார், வெடிக்கும், தோளைக் குலுக்குவார். நாளடைவில் உதை சரியான நேரத்துக்கே வந்தது. அவரும் சின்னையாவும் பேச்சுவார்த்தை இல்லாமலேதான் வாழ்ந்து முடித்தார்கள். கிணற்றுக்கு மோட்டார் வந்து, நடுவுள்ளவன் மலேயாவுக்குக் கப்பல் ஏறிய வருடம், பெரியப்பா துப்பாக்கியை வெளியே எடுக்கவில்லை. மேற்கிலிருந்தும் சத்தம் வரவில்லை.

சின்னையாவுக்கு மூன்று மகன்கள் என்பது எனக்குத் தெரிந்திருந்தது. மூன்று பேரில் ஒருவனும் வெட்டுப்படாமல், ஒருவனும் ஜெயிலுக்குப் போகாமல் இருக்க அவருக்கு வருடத்துக்கு ஒரு வெடி வேண்டியிருந்தது என்பது தெரியவில்லை. அன்று கொட்டிலிலிருந்து வந்த எனக்குப் பட்டதெல்லாம், காலித் துப்பாக்கி என்று நான் அத்தனை தெளிவாகச் சொல்லியும் அந்த மனிதருக்கு எங்களை அடிக்கத் தைரியமில்லை என்பதுதான். சிலேட்டை எடுத்து 'சின்னையா பயந்தாங்கொள்ளி' என்று எழுதினேன். பெரியப்பா வரும் செருப்புச் சத்தம் கேட்டது. எச்சில் தொட்டு அழித்தேன்.