கார்மேலாவின் ஐந்து டப்பாக்கள்

நியூ ஜெர்சியின் பிஸ்கட்டவே ஊரில் மருந்துக் கம்பெனி ஒன்றில் ஆஸிபாவுக்குப் பதினான்கு வருடமாக ஒரே வேலை: மாத்திரைகள் எந்தச் சூட்டில், எத்தனை நாளில் கெட்டுப்போகின்றன என்று பார்ப்பது. அதனால்தான் ஜூலை மாதச் சனிக்கிழமை ஒன்றில், பக்கத்து வீட்டு ரோக்கோ, பேஸ்மென்டில் ஏதோ நாறுகிறது, வந்து பார் என்று அவளைக் கூப்பிட்டார்.

ரோக்கோவுக்கு எண்பத்து நான்கு வயது. தனி ஆள். சுடுநீர் ஹீட்டருக்கு இரண்டடி தள்ளி ஐந்து தகர டப்பாக்கள் இருந்தன. எல்லாம் அவருடைய அப்பாவின் அத்தை கார்மேலா எடுத்த படங்களாம். படங்கள் பேசாத காலத்தில், நேப்பிள்ஸில், தெருவிலேயே கேமராவை நிறுத்தி மீன்காரிகளையும் கூலிக்காரர்களையும் நடிக்க வைத்தவள். நாற்பது படம். பிழைக்க வந்த இத்தாலியர்களுக்காக அவை கப்பலேறி நியூ ஜெர்சிக்கும் வந்தன. ஏழ்மையைக் காட்டி நாட்டைக் கேவலப்படுத்துகிறாள் என்று இத்தாலி அரசாங்கம் தடை போட்டதும் எல்லாம் நின்றுபோனது. மிச்சம் இந்த ஐந்துதான்.

ஆஸிபா ஒவ்வொரு மூடியாக லேசாகத் தூக்கினாள். மூன்றில் சுருள் பிசுபிசுத்து, பழுப்புத் தூளாகியிருந்தது. கெட்டுப்போன அந்தக் காலத்து ஃபிலிம் சூட்டில் தானாகவே பற்றிக்கொள்ளும். பற்றினால் தண்ணீருக்கும் அடங்காது. ஹீட்டருக்குள் நீலச் சுடர் எரிந்துகொண்டிருந்தது. முதலில் அதை அணைத்தாள். மேலே வாருங்கள் என்று கெஞ்சினாள். அவரோ டப்பாக்களுக்குப் பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டார். யாரையும் கூப்பிடாதே, வந்தால் எரித்துவிடுவார்கள் என்றார்.

வாசலுக்கு வந்து கணவன் ஹாமிதுக்கு போன் செய்தாள்.

"ஆஸி, நீ மொதல்ல அந்த வீட்ட விட்டுத் தள்ளி நில்லு. 911 கால் பண்ணு."

"பண்ணினா அவர் என்னை மன்னிக்கவே மாட்டாருங்க."

"மன்னிக்கறதுக்கு அவர் உயிரோட இருக்கணும்ல?"

பண்ணினாள். பதற்றத்தில் வீட்டு நம்பரை இரண்டு தடவை தப்பாகச் சொன்னாள்.

தீயணைப்பு வீரர்கள் ரோக்கோவைக் கைத்தாங்கலாக வெளியே கொண்டுவந்தார்கள். அவர் அவள் பக்கம் திரும்பவில்லை. ஐந்தையும் அழித்துவிடுவோம் என்றார் கேப்டன். ஆஸிபா வழியை மறித்து நின்றாள். மூன்று போகட்டும், இரண்டு நன்றாக இருக்கிறது, யாராவது எடுத்துப் போக வருவார்கள் என்று வாதாடினாள். கேப்டன் ஒரு மணி நேரம் கொடுத்தார். விடுமுறை நாள், பழைய படங்களைப் பாதுகாக்கும் காப்பகங்கள் ஒவ்வொன்றுக்கும் போன் அடித்தாள். ஐம்பதாவது நிமிடத்தில் ஒரு பெண் எடுத்தாள். அதற்குரிய வண்டியோடு வருவதாகச் சொன்னாள்.

மற்ற மூன்றும் அன்றே சாம்பலாயின.

ஐந்து மாதம் ரோக்கோ அவளோடு பேசவில்லை. டிசம்பரில் படம் பார்க்க வரச்சொல்லி காப்பகத்திலிருந்து அழைப்பு வந்தபோது, கதவைத் தட்டி, கார் ஓட்ட முடியுமா என்று மட்டும் கேட்டார். திரையில் பதினோரு நிமிடம் ஒரு சந்து, துணி துவைக்கும் பெண்கள், அழுதுகொண்டே ஓடும் மணப்பெண். விளக்குப் போட்டதும் கேட்டார், அந்த மூன்றில் என்ன இருந்தது என்று.

"தெரியாது," என்றாள் ஆஸிபா.

இப்போது சனிக்கிழமைகளில் அவள் அந்தக் காப்பகத்தில் சுருள்களைச் சோதிக்கிறாள். நீ செய்தது சரி என்று ரோக்கோ இதுவரை சொன்னதில்லை. ஆனால் காலை எட்டரைக்கே கோட்டு மாட்டிக்கொண்டு அவள் கார் பக்கத்தில் வந்து நின்றுவிடுகிறார்.