வக்கீல் வெளியே, நண்பர் உள்ளே

வக்கீல் தொழிலில் பாதி வாழ்நாள் காத்திருப்பதில்தான் போகிறது. குண்டர் சட்டத்தில் அதையும் கதவுக்கு வெளியே நின்று செய்ய வேண்டும். நான் சொல்லப்போகும் கதையில் ஒரு பகுதியை நானே பல வருஷமாக நம்பவும் முடியாமல் விடவும் முடியாமல் வைத்திருக்கிறேன். வீட்டு ஆள் ஒருவரை ஜெயிலில் விட்டுவிட்டு வாசல் வாசலாக நின்றவர்களுக்கு என் அவஸ்தை புரியும். மற்றவர்கள் பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஜாமீன் கிடையாது

உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால், உரக்கடை மாடியில் என் அலுவலகம். கன்னியம்மா படியேறி வந்தபோது நடவு வயல் சேறு காலில் காயவில்லை. அவள் கணவன் ஏழுமலை டிராக்டர் டிரைவர், திருவிழா வந்தால் மைக்செட் வேலைக்கும் போவான். மணல் வண்டித் தகராறில் அவன்மேல் ஒரு வழக்கு. அதில் ஜாமீன் கிடைக்கும் நேரத்தில் குண்டர் சட்டம் போட்டுவிட்டார்கள். ஒரு வருஷம் வரை உள்ளே வைக்கலாம்.

இதில் ஜாமீன் கிடையாது, செய்த குற்றத்துக்கான தண்டனையும் இல்லை, வெளியே விட்டால் இனிமேல் செய்வான் என்பதற்காகத்தான் பிடித்து வைத்திருக்கிறார்கள் என்று விளக்கினேன். அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு கேட்டாள்: “இனிமே செய்யப்போறதுக்கு இப்பவே புடிச்சி வெச்சிக்கினா, செய்ய மாட்டேன்னு அவரு எங்க சார் இருந்து காட்டுவாரு?”

பேசற ஆளு

காவல் சரிதானா என்று பார்க்க ஓர் அறிவுரைக் குழு உண்டு. போதிய காரணம் இல்லை என்று அது சொன்னால் ஆளை விட்டுவிட வேண்டும். ஆனால் அதன் முன்னால் வக்கீல் வாதாடக் கூடாது. காவலில் இருப்பவரை ஜெயிலிலிருந்து அங்கே கூட்டி வருவார்கள்; அவர் கூட வக்கீல் அல்லாத நண்பர் ஒருவர் போகலாம்.

எங்கள் பக்கத்தில் தாலுக்கா ஆபீசோ போலீஸ் ஸ்டேஷனோ, எங்கே போனாலும் ஊரில் ‘பேசற ஆளு’ ஒருவரை முன்னால் விட்டு மற்றவர்கள் பின்னால் நிற்பார்கள். நான் ஏழுமலையின் மச்சானை நினைத்திருந்தேன். சாதுவான பையன், கேட்டதற்கு மட்டும் பதில் சொல்வான். ஊர்க்காரர்களோ மைக்செட் கடை வைத்திருக்கும் சம்பந்தம் என்பவரை அழைத்து வந்தார்கள். திருவிழாவில் அவர் வாயைத் திறந்தால் சாமி வீதியுலா முடிந்து கோயில் திரும்பும்வரை மூட மாட்டார். என்ன பேச வேண்டும், எதைப் பேசக் கூடாது என்று மாடியில் உட்காரவைத்துத் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொடுத்தேன். எல்லாவற்றுக்கும் தலையாட்டியவர் கடைசியில் கேட்டார்: “சார், உள்ள மைக் இருக்குமா?”

மரத்தடி

சென்னையில் குழு கூடிய அன்று சம்பந்தம் இஸ்திரி மடிப்புக் கலையாமல் வந்தார். வாசலில் இருந்த காவலர் அவரை உள்ளே விட்டார். என்னைப் பார்த்து வக்கீலா என்றார். ஆமாம் என்றேன். கையால் மரத்தடியைக் காட்டினார். அங்கே என்னையும் சேர்த்து நாலைந்து வக்கீல்கள், பிரசவ வார்டுக்கு வெளியே நிற்கும் புருஷன்மார் மாதிரி நின்றுகொண்டிருந்தோம். என் ஆளின் ஒரு வருஷம் உள்ளே முடிவாகிறது. நானோ வெளியே எறும்புச் சாரையைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். இதற்கா படித்தோம் என்று இருந்தது. பக்கத்தில் நின்ற செய்யாறு வக்கீல் சொன்னார்: “வாயே தொறக்கக் கூடாதுன்னு தெரிஞ்சும் பாருங்க, காலையில வாய் கொப்பளிக்கும்போது வாதத்த ஒருவாட்டி சொல்லிப் பாத்துக்கினுதான் வந்தேன்.”

திரும்பும் பஸ்ஸில்

வாலாஜாபாத்தைத் தாண்டும்போதெல்லாம் இன்றும் அந்தப் பயணம் நினைவுக்கு வரும். ஜன்னல் ஓரம் சம்பந்தம், மடியில் வேர்க்கடலைப் பொட்டலம். நான் சொல்லிக்கொடுத்தது எல்லாம் உள்ளே போனதும் மறந்துவிட்டதாம். ஊரே இவனைக் கண்டு நடுங்குகிறது என்று போலீஸ் எழுதியிருக்கிறதே என்று குழுவின் தலைவரான பெரியவர் கேட்டாராம். சம்பந்தம் கேட்டாராம்: “ஊரே பயப்படற ஆளுன்னா, அவன மரத்து மேல ஏத்தி ஸ்பீக்கர் கட்டச் சொல்லுவமா ஐயா?”

விடுதலைக்குப் பிறகு

போதிய காரணம் இல்லை என்று குழு சொல்லிவிட்டது. ஏன் என்று வெளியே யாருக்கும் சொல்ல மாட்டார்கள், அது ரகசியம். கன்னியம்மா நடவிலிருந்து ஓடிவந்து புருஷனைக் கூட்டிக்கொண்டு போனாள்.

அதன் பிறகு திருவிழாவுக்குத் திருவிழா சம்பந்தத்தின் கதை வளர்ந்தது. ஒரு வருஷம் பெரியவர் சிரித்தார். அடுத்த வருஷம் டீ கொடுத்தார். பின்னொரு வருஷம் எழுந்து கைகுலுக்கினார். இதில் எவ்வளவு நிஜம் என்று எனக்குச் சந்தேகம் வந்தது. ஆனாலும் கண்ணைக் கசக்கிக்கொண்டு என் படியேறும் ஒவ்வொரு குடும்பத்துக்கும் இந்தக் கதையைத்தான் சொல்கிறேன். துணைக்கு ஒருவர் போங்கள், நல்ல வார்த்தை நாலு சொல்லுங்கள், ஆளை மீட்கலாம் என்கிறேன். பொய்யை நம்பியா அனுப்புகிறேன்? ஒருநாள் ஏழுமலையிடமே கேட்டேன். அவன் தலையைச் சொறிந்துகொண்டு சொன்னான்: “காது அடச்சிக்கினு இருந்தது சார். யாரு இன்னா பேசனாங்கன்னே தெரியல. நம்ம ஊரு ஆளு ஒருத்தரு பக்கத்துல நின்னுக்கினு இருந்தாரு, அது மட்டும்தான் தெரியும்.”

போன மாதம்

சம்பந்தத்துக்கு இப்போது வயதாகிவிட்டது. பஸ் ஸ்டாண்டு டீக்கடையில் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்தே சோறு தின்ற நான், எனக்கென்று இருந்த ஒரே சாட்சியிடம் கேட்கத் துணிந்தது இவ்வளவுதான், அதற்கும் பதில் வருவதற்குள் டீக்குக் காசு கொடுக்க எழுந்துவிட்டேன்: “அண்ணே, அன்னிக்கி உள்ளே போய் நீங்க வாயைத் திறந்தீங்களா?”