படங்கு கேட்ட விளையாட்டு

போன ஞாயிற்றுக்கிழமை பதுளையில் ஒரு கல்யாணம். பெண் வீட்டில் வயதானவர்கள் அதிகம் என்பதால் ஆட்டம் வேண்டாம், உட்கார்ந்தபடி விளையாடுகிற மாதிரி ஏதாவது வையுங்கள் என்று சொல்லியிருந்தார்கள். அறிவிப்பாளர் கோட்டுப் போட்டவர், நல்ல குரல். மணமக்களை அப்பளம் உடைக்க வைத்தார், மாப்பிள்ளையின் நண்பர்களைப் பாட வைத்தார். பிறகு மைக்கைத் தட்டிவிட்டு, "அடுத்தது, நான் கேக்குற பொருள யாரு மொதல்ல கொண்டாந்து குடுக்குறாங்களோ, அவங்களுக்குப் பரிசு!" என்றார். முதலில் சீப்பு கேட்டார். வெளியே மழை பிடித்திருந்தது. என் கை தானாகவே பக்கத்தில் இருந்த செல்லம்மா அக்காவின் முந்தானையைப் பிடித்துக்கொண்டது.

"விடு புள்ள. சீப்புதான கேக்குறான், பையிலயே இருக்கு" என்றார் அக்கா.

விட்டேன். ஆனால் அதற்குள் மூக்கில் நனைந்த சாக்கு வாசனை ஏறிவிட்டது. பன்னீரும் பிரியாணியும் மணக்கிற மண்டபத்தில் சாக்கு ஏது?

அது படங்கின் வாசனை. கொழுந்து பறிக்கும் பெண்கள் இடுப்பில் சுற்றிக் கட்டும் சாக்குத் துண்டுதான் படங்கு. செடி சேலையைக் கிழிக்காமல் இருக்கக் கட்டுவது. எத்தனை வெயிலில் காய்ந்தாலும் அதில் மழையும் தேயிலைச் சாறும் கலந்த ஒரு நெடி தங்கியிருக்கும்.

இது பல வருடத்துக்கு முந்தைய கதை. எனக்கு அப்போது இருபத்தாறு வயது. பண்டாரவளைக்கு மேலே ஒரு தோட்டத்தில் பிள்ளைக் காம்பராவில் வேலை. தாய்மார் மலைக்குப் போனபின் அவர்களுடைய குழந்தைகளைப் பார்த்துக்கொள்ள வேண்டும். கல்யாணமாகாத என்னை எல்லோரும் "ஆயம்மா" என்பார்கள். எனக்குப் பாதிப் பெருமை, பாதிக் கோபம். எதையும் மணி போட்டு எழுதிவைப்பது அன்றே என் வழக்கம். எந்தக் குழந்தை எத்தனை மணிக்குத் தும்மியது என்றுகூட எழுதியிருக்கிறேன். சிரிக்காதீர்கள். அந்த நாட்குறிப்பு இல்லாவிட்டால் இதை இத்தனை சரியாகச் சொல்ல முடியாது.

மேல் லயம் ஒரே கூரைக்கடியில் தொழிலாளர் குடும்பங்கள் இருக்கும் வரிசை வீடு; குடும்பத்துக்கு ஒன்றாகப் பன்னிரண்டு காம்பரா. நாலாம் காம்பராப் பெண்ணுக்குக் கல்யாணம். லயத்துக்கு எதிரே, ஓடையைத் தாண்டி, பாறை மேட்டில் கோயில். அதை ஒட்டி ஒரு மண்டபம். சாமிக்கு முன்னால் ஆட்டம் கூடாது, விளையாட்டுத்தான். பிள்ளைகளைச் சமாளிக்கிறவள் பெரியவர்களையும் சமாளிப்பாள் என்று பட்டரியில் ஓடும் மைக்கை என் கையில் கொடுத்துவிட்டார்கள். ஐந்து நாளாக விடாத மழை.

12.40. தாலி கட்டி முடிந்திருந்தது. பெண்ணின் தாய்மாமன் என்னைச் சமையல்கட்டுப் பக்கம் கூப்பிட்டார். தோட்டத்துத் தொழிலாளர் தலைவர் அவர்தான். புது வேட்டி முழங்கால்வரை செம்மண்.

"லயத்துக்கு மேல மண்ணு வெடிச்சிருக்கு ஆயம்மா. என் காலு முழுசா உள்ள போவுது. மலையிலேர்ந்து எறங்குற பீலித் தண்ணியும் செவப்பா வருது."

"எல்லார்கிட்டயும் சொல்லிருவோமே அண்ணே."

"சொன்னா ஓடுவாங்க. நகை, சேலை, அடையாள அட்டைன்னு அள்ளப் போவாங்க. மலை காத்துக்கிட்டு நிக்குமா? லயத்துல இப்ப ஒரு ஆளு இல்ல, பாத்துட்டுத்தான் வர்றேன். லொறிக்கு ஆள் அனுப்பிருக்கேன். வந்ததும் அப்படியே ஏத்தி ஸ்கூலுக்குக் கொண்டு போயிருவோம். அதுவரைக்கும் ஒருத்தரையும் வெளிய விடாத. சாப்புட்டா கெளம்பிருவாங்க. பந்திய நான் இழுக்குறேன்."

நான் மைக்கை எடுத்தேன். இரண்டு கைகளாலும் இறுகப் பிடித்துக்கொண்டேன்.

12.55, மணமக்கள் தேங்காய் உருட்டினார்கள். 1.10, சம்பந்திகளுக்கு விடுகதை. "ஆயம்மா, தாலாட்டுப் பாடி எங்களையும் தூங்க வச்சிராத!" என்று ஒருவர். மாப்பிள்ளை வீட்டுப் பெரியவர் ஒருவர் வயிற்றைத் தடவிக்கொண்டு, "என்னாங்க, பொண்ணு வீட்டுல அரிசி தீந்துபோச்சா?" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். யாராவது வேட்டியை உதறிக்கொண்டு எழுந்தால் என் குரல் ஒரு படி உயர்ந்தது. "மாட்டுக்குப் புல்லு போடணும்" என்று கிளம்பியவரை மேடைக்கு இழுத்துப் பாட வைத்தேன். சன்னலுக்கு வெளியே பனிமூட்டம், லயம் தெரியவில்லை. அது அங்கே இருக்கிறதா என்றுகூடத் தெரியாது.

1.35. கையிருப்பு தீர்ந்துவிட்டது. பிள்ளைக் காம்பரா விளையாட்டுத்தான் மிச்சம்: பொருளைக் கேட்பது, கொண்டு வந்து கொடுப்பது. சீப்பு கேட்டேன், சாவி கேட்டேன், வெற்றிலை கேட்டேன். நன்றாகப் போனது. அந்த உற்சாகத்தில், சிரிப்பு வரட்டும் என்று, "படங்கு!" என்றேன்.

மண்டபம் வெடித்துச் சிரித்தது. பட்டுச் சேலை கட்டி வந்தவளிடம் படங்கு ஏது? சிரிப்பு அடங்கும்போதுதான் பார்த்தேன், கதவு திறந்திருந்தது. ஒரு கத்தரிப்பூ நிறச் சேலை ஓடைப் பாலத்தில் இறங்கி மூட்டத்துக்குள் போனது. எட்டாம் காம்பராச் செல்லம்மா அக்கா. எந்தப் போட்டியிலும் தோற்றுப் பழக்கமில்லாதவர்.

கத்தினால் எல்லோரும் பின்னால் ஓடுவார்கள். கத்தாவிட்டால் போவது அவர் ஒருவர். நான் கத்தவில்லை. என் நாட்குறிப்பில் 1.38-இலிருந்து 1.49 வரை ஒன்றும் இல்லை. இத்தனை வருடத்தில் அந்தப் பதினோரு நிமிடம் மட்டும்தான் வெற்றிடம். என்ன பேசினேன், யாரைப் பாட வைத்தேன், தெரியாது.

1.49-க்கு அக்கா தலையில் படங்கைப் போட்டுக்கொண்டு, மூச்சிரைக்க வந்து நின்றார். நனைந்த சாக்கு நெடி முகத்தில் அடித்தது. "எங்க என் பரிசு?" என்றவர், மைக்கைக் கவனிக்காமல் அதன் பக்கத்திலேயே, "நம்ம வூட்டுக் கதவு தொறக்கவே மாட்டேங்குது புள்ள. நெலை கோணிக்கிட்டு நிக்குது. வெளிய கொடியில கெடந்ததத்தான் உருவிக்கிட்டு வந்தேன்" என்றார்.

எல்லாக் காதுகளிலும் விழுந்தது. நிலை கோணினால் கீழே மண் நகர்கிறது என்பது மலையில் பிறந்த யாருக்கும் சொல்லத் தேவையில்லை. நாற்காலிகள் விழுந்தன. "ஐயோ, என் காம்பரா!" ஆண்கள் கதவை நோக்கிப் பாய்ந்தார்கள். தலைவர் குறுக்கே விழுந்து மறித்தார். ஒரு ஆள் எத்தனை பேரைத் தடுப்பார்?

என்ன நினைத்துச் செய்தேன் என்று தெரியாது. "பெரட்டு!" என்று மைக்கில் அலறினேன்.

தினமும் காலையில் வேலைக்குப் போகுமுன் கணக்கப்பிள்ளை பெயர் கூப்பிடுவதுதான் பெரட்டு. கூப்பிடும்போது அங்கே நின்று பதில் சொல்லாவிட்டால் அன்றைக்கு வேலை இல்லை. அது எங்கள் ஆட்களின் காலில் ஊறியது. பிள்ளைகளைக் கூட்டிவரத் தினமும் அந்த லயத்தை நடந்த எனக்கு வரிசை மனப்பாடம்.

"மொதலாம் காம்பரா, முத்தையா!"

வாசற்படியில் ஒரு கால் வைத்துவிட்ட முத்தையா அண்ணன் திரும்பினார். "இருக்கேங்க!"

"மாரியாயி!"

"இருக்கேங்க!"

ஒருவர் நின்றதும் அடுத்தவர் நின்றார். தன் பெயருக்காகக் காத்து நின்றார்கள். இரண்டாம் காம்பரா, மூன்றாம் காம்பரா. குழந்தைகளையும் விடவில்லை. எட்டில் "செல்லம்மா" என்று கூப்பிட்டு அவர் முகத்தையே பார்த்தேன். "இங்கதான இருக்கேன், கழுத" என்றார்.

பதினொன்று முடியும்போது தரை முதலில் அதிர்ந்தது, தொழிற்சாலையில் எல்லா மெசினையும் ஒன்றாகப் போட்ட மாதிரி. சத்தம் பிறகுதான் வந்தது. யாரும் அழவில்லை. பன்னிரண்டாம் காம்பரா மிச்சம் இருந்தது. கூப்பிட்டேன். நாலு பேரும் சொன்னார்கள். அதன் பிறகுதான் மைக்கைக் கீழே வைத்தேன்.

லொறி அப்புறம்தான் வந்தது. மலையிலிருந்து இறங்கிய மண்ணோடு மாடுகள் போயின. லயத்தின் கடைசிச் சுவர் ஒன்று மட்டும் நின்றது. அதையும் பிறகு இடித்துவிட்டார்கள். இப்போது அங்கே மானாப் புல். எல்லோருக்கும் வேறு இடத்தில் தனித்தனி வீடு கிடைத்தது, சீட்டுக் குலுக்கி. யாருக்கும் பழைய பக்கத்து வீடு வாய்க்கவில்லை. பிள்ளைகள் கொழும்புக்கும் மொனராகலைக்கும் போய்விட்டார்கள். முத்தையா அண்ணன் இப்போது உயிரோடு இல்லை.

ஞாயிற்றுக்கிழமை செல்லம்மா அக்கா சீப்பைக் கொடுத்து ஒரு பிளாஸ்டிக் டப்பா வாங்கி வந்து உட்காரும்வரை நான் கதவையே பார்த்துக்கொண்டிருந்தேன். வரிசை இன்னும் எனக்குப் பிசகாமல் வருகிறது. இன்று கூப்பிட்டால் முதல் காம்பராவிலேயே நின்றுவிடும்.