பீடோரில் நிற்கும் பஸ்

எல்லாரும் ஏறிய பிறகும் ஜெயபாலன் உடனே கதவைச் சாத்த மாட்டார். கியரில் கை வைத்தபடி பக்கக் கண்ணாடியை ஒருமுறை பார்ப்பார். பின்னால் சாலை வெறிச்சென்று கிடக்கும். "யாராச்சும் ஓடியாருவாங்க" என்று தனக்குள் சொல்லிக்கொண்டு கொஞ்சம் பொறுப்பார். பல நாள் யாரும் வரமாட்டார்கள். சில நாள் சந்து முனையிலிருந்து ஒரு பெண், ஒரு கையில் செருப்பும் மறு கையில் சாப்பாட்டுப் பையுமாக ஓடி வருவாள். அவர் மனைவி கலாதேவியும் அப்படி ஓடி வந்தவள்தான். அவளுக்காகத்தான் அவர் பஸ்ஸை நிறுத்தி வைத்தார் என்று மற்றப் பெண்கள் கட்டிவிட்ட கதையை அவர் கடைசிவரை ஒப்புக்கொள்ளவில்லை. "அவ மட்டுமா லேட்டா வந்தா? வந்தவங்க எல்லாரையுமா கட்டிக்கிட்டேன்?" என்பார்.

சுங்காய்ப் பக்கத்து ரப்பர்த் தோட்டம் ஒன்றில் பிறந்தவர். தோட்டம் கைமாறி, ரப்பர் மரங்களை வெட்டிச் செம்பனை நட்டபோது, தொழிலாளர்களின் லயத்து வீடுகளைக் காலி செய்யச் சொன்னார்கள். குடும்பம் ஈப்போவுக்கு வந்து புந்தோங்கில் ஒதுங்கியது. கொஞ்ச நாள் லோரியில் கிளீனர் வேலை. பிறகு லைசென்ஸ் எடுத்து, ஜெலப்பாங் தொழிற்சாலைகளுக்குப் பெண்களை ஏற்றிப் போகும் பஸ்ஸில் உட்கார்ந்தவர், உடம்பு கைவிடும்வரை அதிலிருந்து இறங்கவில்லை.

மகள் குமுதா பள்ளிக்கூட நாள்களில் டிரைவருக்குப் பின் சீட்டில் உட்கார்ந்து அந்தப் பஸ்ஸில்தான் போவாள். அப்பா கண்ணாடியைப் பார்க்கும்போதெல்லாம் அவளுக்கு எரிச்சல் வரும். யாரோ ஒருத்தி வருவாளோ மாட்டாளோ என்பதற்காகத் தனக்குப் பள்ளிக்கு நேரம் தப்புகிறதே என்று முறைப்பாள். அவர் கண்ணாடியில் அவளையும் பார்த்துவிட்டுச் சிரிப்பார்.

இனிப்பு நீர் வியாதி முதலில் கால் விரலை எடுத்தது. பிறகு கண் மங்கியது. பிறகு சிறுநீரகம். லைசென்ஸைப் புதுப்பிக்க முடியாது என்றான அன்று பஸ்ஸைக் கழுவித் துடைத்து, பக்கக் கண்ணாடியை மட்டும் தனக்குத் தோதாக இருந்தபடியே விட்டுவிட்டு, சாவியை முதலாளியிடம் கொடுத்துவிட்டு வந்தார். அதற்குப் பிறகு வாரம் மூன்று நாள் ரத்தச் சுத்திகரிப்பு மையத்தில் சாய்வு நாற்காலிதான் அவருடைய சீட்.

பக்கத்து நாற்காலி நஸீராவுடையது. நாசி கண்டார் சாப்பாட்டுக் கடைக்காரர் வீட்டு அம்மாள். தெலுக் இந்தானில் பிறந்து, பத்தொன்பது வயதில் கல்யாணமாகி ஈப்போவுக்கு வந்தவர். கடையை இப்போது மகன்கள் பார்க்கிறார்கள். ஆற்றோரத்தில் அத்தா என்று அவர் சொல்லும் தகப்பனாரின் மளிகைக்கடை இருந்த தெருவையும் அங்கே இன்னும் இருக்கும் தங்கைகளையும் ஒருமுறை பார்த்துவிட்டு வரவேண்டும் என்று அவருக்கு ஆசை. கேட்கும்போதெல்லாம் மகன்கள் பெருநாளைக்குப் போகலாம் என்பார்கள். பெருநாள் வரும், கடையில் கூட்டமும் வரும்.

ஜெயபாலனின் இடது கையில் குழாய்கள் குத்தியிருக்கும். அதை அசைக்கக் கூடாது. வலது கை மட்டும் சும்மா கிடந்து அவரைப் படுத்தியது. பெருந்தொற்று நடமாட்டக் கட்டுப்பாட்டுக் காலத்தில் வீட்டிலிருந்து படிப்பதற்காக வாங்கிய தட்டைக் கணினியைக் குமுதா அவரிடம் கொடுத்தாள். அப்போது அவள் பல்கலைக்கழகத்தில் கடைசிப் பருவத்தில் இருந்தாள். அதில் ஒரு பஸ் ஓட்டும் விளையாட்டையும் ஏற்றிக் கொடுத்தாள். ஒரு விரலாலேயே ஸ்டியரிங், ஒரு விரலாலேயே கதவு. அவர் கண்ணுக்கு மிக அருகே பிடித்துக்கொண்டு ஓட்டினார்.

அங்கேயும் அவர் கதவைச் சாத்தத் தாமதித்தார். அந்த விளையாட்டில் நேரத்துக்குக் கிளம்பினால் மூன்று நட்சத்திரம். அவருக்கு எப்போதும் ஒன்றுதான் கிடைத்தது. அப்பா, படத்தில் யாரும் ஓடி வரமாட்டார்கள் என்று குமுதா எடுத்துச் சொல்லிப் பார்த்தாள். "நீ கண்டியா?" என்று கேட்டுவிட்டு அவர் கண்ணாடியைப் பார்த்தார்.

ஓட்ட ஓட்டப் புது ஊர்கள் திறக்கும். திறக்காத ஊர்களுக்கும் நாமே முன்கூட்டிப் பெயர் வைக்கலாம். அப்படித்தான் ஈப்போ, கோப்பெங், கம்பார், தாப்பா, பீடோர், லங்காப், தெலுக் இந்தான் என்று ஒரு தடம் உருவாயிற்று. பெயர்கள்தாம் நம்முடையவை. படத்தில் இருந்ததோ எங்கோ ஒரு குளிர்நாடு. சாலையின் இரு பக்கமும் ஊசியிலை மரங்கள், மரமெல்லாம் பனி. எட்டிப் பார்த்த நஸீரா, "தாப்பாவுல எப்ப தம்பி பனி பெஞ்சுச்சு?" என்று கேட்டார்.

"மேல கேமரன் மலையிலேருந்து இறங்கிருச்சுக்கா. நீங்க சட்டைய இழுத்துப் போர்த்திக்கிட்டு ஏறுங்க. தெலுக் இந்தான்ல இறக்கி விட்டுட்டுத்தான் நான் ஸ்டியரிங்க விடுவேன்."

"பேச்சு மாறக் கூடாது லா."

"பஸ்காரன் பேச்சுக்கா இது."

அன்றிலிருந்து அது அவர்கள் இருவரின் பயணமாயிற்று. தாதிகள்கூட, பஸ் எங்கே வந்திருக்கிறது என்று விசாரித்துவிட்டுத்தான் ஊசி குத்துவார்களாம். ஓர் ஊர் திறக்க மாதக்கணக்கில் ஆனது. ஒற்றை நட்சத்திரக்காரருக்கு எல்லாம் தாமதமாகத்தான் திறக்கும். நஸீரா அவசரப்படுத்தியதில்லை. பீடோர் திறந்த அன்று, தங்கைகளுக்கு அந்த ஊரின் பேர்போன கொய்யா வாங்காமல் தாண்ட முடியாது, நிறுத்து என்றார். ஜெயபாலன் நிறுத்திக் கதவைத் திறந்தார். "போய் வாங்கிட்டு வாங்கக்கா, நிக்கிறேன்." அவர் சொல்லி முடிப்பதற்குள் இயந்திரம் ஒலித்தது. அன்றைய நேரம் முடிந்துவிட்டது. தாதி வந்து குழாய்களைக் கழற்றினாள்.

அடுத்த முறை மையத்துக்குப் போனபோது தட்டைக் கணினி திறக்கவில்லை. பேட்டரி உப்பி, முதுகுப் பக்கம் பிளந்திருந்தது.

குமுதா பட்டம் வாங்கி இரண்டு வருடம் ஆகியிருந்தது. ஒரு தனியார் கல்லூரியின் முகப்பில் ஒப்பந்த வேலை. வீட்டில் முதல் பட்டதாரி என்று அப்பா ஊரெல்லாம் சொன்ன அளவுக்கு அந்தப் பட்டம் தனக்கு எதையும் திறந்துவிடவில்லை என்ற நினைப்பு அவளுக்கு எப்போதும் உண்டு. இதையாவது செய்வோம் என்று அவள் புதிய தட்டைக் கணினி ஒன்றை வாங்கி வந்தாள். பழையதில் எந்தக் கணக்கில் விளையாடினோமோ அதே கணக்கைப் புதியதில் திறந்தால் பஸ் விட்ட இடத்திலேயே நிற்கும் என்று அப்பாவிடம் விளக்கினாள். அவரும் தலையாட்டினார்.

கணக்கு திறக்கவில்லை. அப்படி ஒரு கணக்கே இல்லை என்று வந்தது. பிறகுதான் அவளுக்கு உறைத்தது. அது அவளுடைய பல்கலைக்கழக மின்னஞ்சல் முகவரி. மாணவியாக இருந்தபோது எல்லாவற்றையும் அதில்தான் திறப்பாள். பட்டம் பெற்று ஒரு வருடமானால் முகவரியை அழித்துவிடுவார்கள் என்று பட்டமளிப்பின்போது தாளில் எழுதிக் கொடுத்திருந்தார்கள். அவள் அதைப் படித்தும் இருந்தாள். அந்த முகவரியில் அப்பாவின் பஸ்ஸும் நிற்கிறது என்பது நினைவில் இல்லை. பழைய கருவி உயிரோடு இருந்தவரை எதுவும் தெரியவில்லை.

விளையாட்டு நிறுவனத்துக்கு எழுதிக் கேட்டாள். ஆட்டக்காரரின் எண் தெரிந்தால் மாற்றித் தரலாம் என்று பதில் வந்தது. அந்த எண் பழைய தட்டைக் கணினிக்குள் இருந்தது.

இந்த நேரத்தில்தான் ஜெயபாலனுக்குக் காய்ச்சல் வந்தது. ரத்தத்தில் கிருமி என்று பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். கலாதேவி வேலைக்கு விடுப்புப் போட்டுவிட்டுக் கட்டிலோரம் உட்கார்ந்தாள். குமுதா வேலை முடிந்து வருவாள். வந்தவள், பார்வையாளர் நேரத்தில் பாதியை வராந்தாவில் நின்று தொலைபேசியில் கழித்தாள். கைப்பேசிக் கடை ஹைகல் வேறு பேட்டரி தேடிக்கொண்டிருந்தான். அவனிடம் கேட்பாள். நிறுவனத்துக்கு மறுபடி எழுதுவாள். உள்ளே வந்தால் அப்பாவிடம் இன்னும் ரெண்டு நாள்தான்பா என்பாள். அவர் பெரும்பாலும் கண்ணை மூடியிருப்பார்.

ஒருநாள் கண் திறந்து, "அக்கா ஏறிட்டாங்களா?" என்று கேட்டார்.

குமுதாவுக்குச் சட்டென்று விளங்கவில்லை. விளங்கியதும், "இன்னும் இல்லப்பா" என்றாள்.

"டோர சாத்திறாத."

"சாத்தலப்பா."

அவர் அவள் கையைத் தேடினார். அவள் கையில் தொலைபேசி இருந்தது. அதை மேசையில் வைத்துவிட்டுத் தன் கையைக் கொடுத்தாள். அன்று பார்வையாளர் நேரம் முடிந்து மணி அடிக்கும்வரை வராந்தாவுக்குப் போகவில்லை. ஆனால் அது ஒருநாள்தான்.

இரண்டு நாள் கழித்து, அவள் ஹைகல் கடையில் இருந்தாள். அவன் வேறொரு கருவியின் பேட்டரியை ஒட்டுப்போட்டுப் பழையதை உயிர்ப்பித்திருந்தான். திரையில் கோடுகள் ஓடின. "சீக்கிரம்கா, நிக்காது" என்றான். அவள் அமைப்புப் பக்கத்தைத் திறந்து எண்ணைப் படம் எடுத்து நிறுவனத்துக்கு அனுப்பினாள். அனுப்பிய படம் தெளிவாக விழுந்திருக்கிறதா என்று பெரிதாக்கிப் பார்த்துக்கொண்டிருந்தபோதே அம்மாவின் அழைப்பு வந்தது. குமுதா ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்ந்தபோது கட்டிலைச் சுற்றித் திரை இழுத்திருந்தார்கள்.

கருமகாரியத்துக்கு முதல் நாள் நிறுவனத்தின் பதில் வந்தது. மன்னிக்க வேண்டும், தாமதமாகிவிட்டது, உங்கள் முன்னேற்றம் பாதுகாப்பாக மாற்றப்பட்டது என்று எழுதியிருந்தார்கள். அவள் யாரிடமும் சொல்லவில்லை. அப்பாவுக்காகத்தான் அத்தனை அலைந்தோமா, இல்லை, அவர் முகத்தைப் பார்த்து உட்கார்ந்திருக்கப் பயந்து, செய்வதற்கு ஒரு வேலை கிடைத்ததென்று ஓடினோமா என்று பல நாள் தன்னையே கேட்டுப் பார்த்தாள். இரண்டுமாகத் தோன்றியது. எது அதிகம் என்று பிரிக்க அவளால் முடியவில்லை.

காரியம் முடிந்து சில வாரம் கழித்துப் புதிய தட்டைக் கணினியை எடுத்துக்கொண்டு மையத்துக்குப் போனாள். அப்பாவின் ஜன்னலோர நாற்காலியில் புதியவர் ஒருவர் தூங்கிக்கொண்டிருந்தார். நஸீரா அவளைக் கண்டதும் வலது கையை நீட்டினார். அவள் ஒரு முக்காலியை இழுத்துப் போட்டு அருகில் உட்கார்ந்தாள்.

பிறகு குமுதா விளையாட்டைத் திறந்தாள். ஜெயபாலன் என்ற பெயரும், அதற்குக் கீழே ஒற்றை நட்சத்திரமும். விட்ட இடத்திலிருந்து தொடரவா என்று கேட்டது. தொட்டாள். பனி விழும் சாலையில் பஸ் நின்றது. மேலே பீடோர் என்று அப்பா ஒரு விரலால் தட்டிப் போட்ட எழுத்து. முன்கதவு திறந்திருந்தது. கிளம்ப வேண்டிய நேரம் தாண்டிவிட்டதென்று சிவப்பு விளக்கு விட்டுவிட்டு மின்னியது.

நஸீரா வெகுநேரம் பார்த்தார். "இன்னும் நிக்கிறாரே" என்றார்.

அவள் தயங்கித் தயங்கிக் கேட்டாள். "நான் ஓட்டட்டுமா ஆண்ட்டி? லங்காப் ஒண்ணுதான். அப்புறம் தெலுக் இந்தான்."

"வேணாம்மா."

"அப்பா சொன்னாருல்ல, இறக்கி விடுறேன்னு. நான் ஓட்டி முடிச்சிடுவேன், ரொம்ப நாள் ஆகாது."

"நீ வேகமா ஓட்டிருவ, தெரியும். படிச்ச பிள்ள." நஸீரா லேசாகச் சிரித்தார். சிரிப்பு நிலைக்கவில்லை, கண் நிறைந்தது. குழாய் குத்திய கையை அசைக்க முடியாமல், மறு கையால் முக்காட்டு நுனியை எடுத்துத் துடைத்துக்கொண்டார். "நான் கேட்டது உங்கத்தாகிட்டம்மா. ஒத்துக்கிட்டவரு அவரு. லங்காப்பும் தெலுக் இந்தானும் அவரு எனக்குத் தர வேண்டிய பாக்கி. அத நீ ஏன் அடைக்கிற? இருக்கட்டும்."

குமுதா கதவுப் பொத்தானின் மேல் வைத்திருந்த விரலை மெல்ல எடுத்தாள். தட்டைக் கணினியை நஸீராவின் மடியில், அவர் கண்ணுக்குத் தெரியும்படி சாய்த்து வைத்தாள். இயந்திரம் ஓடிக்கொண்டிருந்தது. படத்தில் பனி விழுந்தது, ஆளில்லாத சாலையில் சிவப்பு விளக்கு மின்னியது, பீடோரில் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு பஸ் நின்றது.